பட்டுப்புழுவுக்கு மட்டும் அனுமதி

மைசூரிலிருந்து ஊட்டிக்குப் போகும் சாலையில் ஒரு பேருந்து நிழற்குடை இருக்கிறது. கட்டி முடித்தபோது அதன் தலையில் மூன்று குவிமாடங்கள்: நடுவில் பெரியது, இரு பக்கமும் சின்னது. 2022 நவம்பரில் அப்போதைய எம்.பி. பிரதாப் சிம்ஹா அதைப் பார்த்துவிட்டுக் கட்டடக் கலைக்கே புதிதான ஓர் உண்மையைக் கண்டுபிடித்தார். நடுவில் பெரிய குவிமாடமும் பக்கத்தில் சின்னக் குவிமாடங்களும் இருந்தால் அது மசூதி! சில நாளில் அகற்றாவிட்டால் நானே ஜேசிபி கொண்டுவந்து இடிப்பேன் என்று முழங்கினார். கட்டவைத்தவர் பாகிஸ்தான்காரர் இல்லை. அதே கட்சியின் எம்.எல்.ஏ. எஸ்.ஏ. ராமதாஸ். அரண்மனைச் சாயலில் இருக்கட்டும் என்றுதான் அப்படிக் கட்டினோம் என்று அவரும் சொல்லிப் பார்த்தார். கேட்பாரில்லை. மாதம் முடிவதற்குள் இரண்டு சின்னக் குவிமாடங்கள் காணாமல் போயின. மிஞ்சிய ஒன்றுக்குச் சிவப்புப் பெயின்ட் அடித்தார்கள். தேசம் பிழைத்தது.

அதே அளவுகோலோடு நகருக்குள் வந்து அம்பா விலாஸ் அரண்மனையை அண்ணாந்து பார்த்தால் மயக்கமே வந்துவிடும். பழைய மர அரண்மனை 1897-ல் எரிந்தபின் ஹென்றி இர்வின் என்ற வெள்ளைக்காரர் வரைபடம் போட்டு, 1912-ல் எழுந்து நின்ற கட்டடம் அது. எந்தப் பக்கம் திரும்பினாலும் குவிமாடம். சென்னை உயர்நீதிமன்றக் கட்டடத்திலும் இதே இர்வினின் கை உண்டு. ஆனால் அரண்மனைக்கு முன்னால் ஜேசிபி நிறுத்தும் தைரியம் எவருக்கும் வராது. பஸ்ஸுக்குக் காத்திருக்கும் ஜனங்களின் தலைக்கு மேல் இருப்பதைத்தான் இடிப்பார்கள். போகட்டும், அந்த ஜேசிபியாவது சுதேசியா? இங்கிலாந்துக் கம்பெனியின் பெயர். தேசபக்தர்களின் ஆயுதமும் வெளியூர்ச் சரக்குதான்.

அரண்மனையின் கதைக்கு வருவோம். உடையார் வம்சம் தன்னைப் பற்றித் தானே பெருமையாகச் சொல்லிக்கொள்ளும் கதை இது. 1399-ல் குஜராத்தின் துவாரகையிலிருந்து யதுராயர், கிருஷ்ணராயர் என்று அண்ணன் தம்பி இருவர் மைசூருக்கு வந்தார்கள். இங்கே ஒரு சிற்றரசரின் மகளை, தகப்பன் இல்லாத நேரம் பார்த்து, கருகஹள்ளி மாரநாயகன் என்பவன் மிரட்டிப் பெண் கேட்டுக்கொண்டிருந்தான். சகோதரர்கள் அவனைக் கொன்றார்கள். மூத்தவர் பெண்ணைக் கட்டினார். நாடும் கூடவே வந்தது.

இன்றைக்கு இது நடந்திருந்தால் இரவு ஒன்பது மணி விவாதத்தில் என்ன ஓடியிருக்கும்? ‘வெளிமாநில வாலிபர்கள் வெறியாட்டம். உள்ளூர்ப் பிரமுகர் படுகொலை. பெண்ணை வளைத்துச் சொத்து அபகரிப்பு. ஆதார் போலியா?’ திரையில் எட்டுக் கட்டங்கள், எட்டுக் கட்டத்திலும் எட்டுப் பேர் கத்தல். அப்படி வந்த வம்சம்தான் ஹைதர், திப்பு காலத்தைக் கழித்தால் ஐந்து நூற்றாண்டுகள் இந்த ஊரை ஆண்டது. ஏரி வெட்டியது, கல்லூரி கட்டியது. நன்றாகவே ஆண்டது என்று நானும் சொல்வேன். வேடிக்கை என்னவென்றால், குவிமாடம் எண்ணிய எம்.பி.க்கு 2024-ல் சீட்டு கிடைக்கவில்லை. கட்சி அதைத் துவாரகை வழிவந்த யதுவீரருக்குக் கொடுத்தது. அவரும் ஜெயித்தார். வந்தவர் வாரிசு என்று எந்தத் தொண்டரும் கறுப்புக்கொடி காட்டவில்லை. குதிரையில் வந்தவனைக் கும்பிடுவார்கள். ரயிலில் பொதுப் பெட்டியில் வந்தவனிடம்தான் காகிதம் கேட்பார்கள்.

இந்த வம்சத்தின் தசராவாவது மைசூரில் முளைத்ததா? அதுவும் விஜயநகரத்திலிருந்து இறங்கி வந்ததுதான். ராஜ உடையார் 1610-ல் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் ஆரம்பித்துவைத்தார். அந்த விழாவை 2025-ல் தொடங்கிவைக்கக் கன்னட எழுத்தாளர் பானு முஷ்டாக்கை அரசு அழைத்தபோது வீதிக்கு வந்த கூச்சலைக் கேட்டிருப்பீர்கள். ஹாசனில் பிறந்தவர், கன்னடத்தில் எழுதுகிறவர், அந்த மொழிக்கு முதன்முதலாக சர்வதேச புக்கர் பரிசு வாங்கிக் கொடுத்தவர். சாமுண்டி மலையில் விளக்கேற்ற இது போதாதாம். தடுக்கக் கோரி உயர்நீதிமன்றம் போனவர்களில் அதே முன்னாள் எம்.பி.யும் ஒருவர். அவரும் ஹாசன் மாவட்டம் சக்லேஷ்பூரிலிருந்து வந்தவர்தான். ஒரே மாவட்டத்திலிருந்து மைசூருக்கு வந்த இரண்டு பேரில் ஒருவர் காவலராம், மற்றவர் அந்நியராம். ஐயா, பஸ் டிக்கெட் இருவருக்கும் ஒன்றுதானே! 2017-ல் கவிஞர் நிசார் அகமது இதே தசராவைத் தொடங்கிவைத்தபோது சாமுண்டி கோபித்துக்கொண்டதாகத் தகவல் இல்லை.

2025 செப்டம்பர் 15-ல் பானு முஷ்டாக்குக்கு எதிரான மனுவை உயர்நீதிமன்றம் தள்ளியது. 19-ஆம் தேதி உச்சநீதிமன்றமும் தள்ளியது. அதே 19-ஆம் தேதி வாஷிங்டனில் டிரம்ப் இன்னொரு காகிதத்தில் கையெழுத்துப் போட்டார்: புதிய எச்-1பி விசாவுக்கு ஒரு லட்சம் டாலர். இன்போசிஸ் வளாகத்தில் பயிற்சி எடுத்து, அமெரிக்காவில் வீடு வாங்கும் கனவோடு திரிகிற பிள்ளைகளின் ஊர் இது. அவ்வளவுதான், தெருவுக்குத் தெரு பெரியவர்கள் முகத்தில் சவக்களை. “திறமைக்கு எல்லை போடுகிறானே பாவி, இது அநியாயம் இல்லையா?” என்று என்னிடம் கேட்டவர் முந்தின வாரம்தான் வெளியாட்களுக்கு இங்கே என்ன வேலை என்று கேட்டவர். அவர் மகன் நியூஜெர்சியில் இருந்தால் புலம்பெயர்ந்த இந்தியர். மகனுடைய பிளாட்டுக்கு டைல்ஸ் ஒட்ட முர்ஷிதாபாத்திலிருந்து வந்தவன் ஊடுருவல்காரன். அதே ஆண்டு பிப்ரவரியில் 104 இந்தியர்களைக் கைகால்களில் விலங்கு மாட்டி ராணுவ விமானத்தில் அமிர்தசரஸில் கொண்டுவந்து இறக்கினார்களே, அவர்களும் கூலி தேடிப் போனவர்கள்தான். அதைப் பார்த்து நெஞ்சு கொதித்த அதே வாய்கள் இங்கே ‘நாமும் அப்படிச் செய்ய வேண்டும்’ என்றன. சூடு சொரணை என்பது சீசனுக்கு வரும் காய்ச்சலா என்ன?

டைல்ஸ் ஒட்டுகிறவனை நான் அந்தக் குவிமாட நிழற்குடையிலேயே பார்த்தேன். இருபது வயது இருக்கும். பையிலிருந்து கரண்டிப்பிடியும் மட்டக்கோலும் எட்டிப் பார்த்தன. அம்மாவோடு போலிருக்கிறது, போனில் வங்காளத்தில் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தான். நஞ்சன்கூடு பஸ்ஸில் ஒரு போலீஸ்காரர் வந்து இறங்கினார். பையன் பாதி வாக்கியத்தில் போனை அணைத்துவிட்டுச் சட்டைக்குள்ளிருந்து பிளாஸ்டிக் உறை போட்ட ஆதாரை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டான். அவர் அவனைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. டீக்கடைப் பக்கம் போய்விட்டார். யாரும் கேட்காமலேயே காகிதம் நீட்டப் பழகியிருக்கிறான்.

அவன் பயப்படக் காரணம் இருக்கிறது. 2020 ஜனவரியில் பெங்களூரு கரியம்மன அக்ரஹாராவில் ‘வங்கதேசத்தார் குடிசைகள்’ என்று சொல்லி இடித்துத் தள்ளினார்கள். புழுதி அடங்கியபின் பார்த்தால், அசாம்காரர்களும் திரிபுராக்காரர்களும் இருந்தார்கள். கூடவே ராய்ச்சூரிலிருந்தும் கலபுரகியிலிருந்தும் பிழைக்க வந்த சுத்தமான கன்னடக் குடும்பங்கள்! ஏழ்மையாக இருந்தால் போதும், கர்நாடகத்திலிருந்து கர்நாடகத்துக்கு வந்தவனும் வங்கதேசத்தான் ஆகிவிடுவான். 2025-ல் டெல்லி போலீஸ் ஒருபடி மேலே போய், வங்காள மொழியையே ‘வங்கதேச மொழி’ என்று கடிதத்தில் எழுதியது. தேசிய கீதம் எந்த மொழிக்காரர் எழுதியது என்று அந்தக் காவல் நிலையத்தில் கேட்க ஆளில்லை.

வங்காளத்திலிருந்து வந்த ஒரே ஒரு ஜீவனுக்குத்தான் மைசூரில் நிரந்தர மரியாதை: பட்டுப்புழு. திப்பு சுல்தான் ஆளனுப்பி வங்காளத்திலிருந்து வரவழைத்து வளர்த்தார். பின்னர் 1912-ல் சுவிட்சர்லாந்து விசைத்தறிகளை இறக்கி ஆலை வைத்தார் மகாராஜா. வங்காளத்துப் புழு, சுவிஸ் தறி, திப்புவின் யோசனை, உடையாரின் முதல்; இத்தனையும் சேர்ந்ததுதான் மைசூர்ப் பட்டு. அதைக் கட்டிக்கொண்டு மேடையேறித்தான் மண்ணின் தூய்மை பற்றிப் பேசுகிறார்கள். திப்பு பெயரில் ஓடிய ரயிலின் பெயரை மட்டும் 2022-ல் மாற்றிவிட்டார்கள். புழுவுக்கு இன்னும் பெயர் மாற்றவில்லை. அதன் நல்ல காலம், யாரும் வரலாறு படிப்பதில்லை.

மிருகக்காட்சி சாலையில் இதைவிட மரியாதை. 2021-ல் ஜெர்மனியிலிருந்து இரண்டு கொரில்லாக்கள் வந்தன. தனி வளாகம், தனி உணவு, பத்திரிகையில் படம். விருப்பமுள்ளவர் மிருகங்களைத் தத்தெடுக்கலாம். கோகுலத்தில் யோகா கற்க வரும் வெள்ளைக்காரர்களுக்கு வீட்டுக்காரர் தரும் வரவேற்பும் ஏறக்குறைய இதே தரம். மாடி வீடு, இரட்டை வாடகை, கேள்வி கிடையாது. முர்ஷிதாபாத் பையனுக்கு மட்டும் ஒரு அறைக்குள் பன்னிரண்டு பேர், போலீஸ் சரிபார்ப்பு, தேர்தல் வந்தால் மிரட்டல்.

வெளியாட்கள் மீது நியாயமான குறை எதுவுமே இல்லையா? உண்டு. மைசூர் சமஸ்தானத்திலேயே இருந்தது. செங்கல்பட்டுப் பக்கம் செட்டிபுண்ணியத்தில் பிறந்த ரங்காச்சார்லு 1881-ல் திவானாகி, இந்தியாவிலேயே முதல் பிரதிநிதி சபையை இங்கே கூட்டினார். அடுத்து வந்த சேஷாத்ரி ஐயர் பாலக்காட்டுக்காரர். பதினெட்டு வருடம் திவான். சிவசமுத்திரம் மின்சாரத் திட்டம் அவர் காலத்து வேலை. பெரிய காரியங்கள்தான். ஆனால் அவர்களுக்குப் பின்னாலேயே மதராஸிலிருந்து ஓர் அக்கிரஹாரமே வந்து கச்சேரி நாற்காலிகளில் உட்கார்ந்துகொண்டது. ‘மைசூர் மைசூர்க்காரர்களுக்கே’ என்ற குரல் எழுந்தது அந்த எரிச்சலில்தான், அதில் நியாயமும் இருந்தது. பிறகு உள்ளூர் ஒக்கலிகரும் லிங்காயத்தும் மற்றவரும் ‘வெளியூர் பிராமணர் போய் உள்ளூர் பிராமணர் வந்தால் எங்களுக்கு என்ன லாபம்’ என்று சரியான கேள்வியைக் கேட்டார்கள். நான்காம் கிருஷ்ணராஜ உடையார் 1918-ல் மில்லர் குழுவை வைத்தார். வேலையில் எல்லோருக்கும் பங்கு என்று அது சொன்னது. கோபத்தைக் கோப்பாக மாற்றிய ஊர் இது.

இப்போதைய கோப்பு எப்படி? 2024 ஜூலையில் சித்தராமையா அமைச்சரவை ஒரு மசோதாவுக்கு ஒப்புதல் கொடுத்தது. தனியார் நிறுவனங்களில் நிர்வாகப் பதவிகளில் 50 சதவீதமும் மற்றவற்றில் 70 சதவீதமும் உள்ளூராருக்கு. இங்கே பிறந்து, 15 ஆண்டு வசித்து, கன்னடம் படிக்க எழுதத் தெரிந்தவரே உள்ளூரார். கம்பெனிகள் கண்ணை உருட்டியதும் அதே வாரத்தில் மசோதா மடித்து வைக்கப்பட்டது. முதலாளி முறைத்தால் மண்ணின் மைந்தன் மறந்துபோவான், கூலிக்காரன் முறைத்தால் மட்டும் ஞாபகம் வந்துவிடும். அந்த மசோதாவின்படி ரங்காச்சார்லுவுக்கும் சேஷாத்ரி ஐயருக்கும் ஒதுக்கீட்டில் கணக்கர் வேலைகூடக் கிடைத்திருக்காது.

எழுத்தாளர் ஆர்.கே. நாராயணுக்கே இங்கே இடம் கிடைக்காமல் போகப் பார்த்தது. யாதவகிரியில் அவர் வாழ்ந்த வீட்டை நினைவில்லமாக்க முயன்றபோது, சென்னையில் பிறந்த தமிழர், ஆங்கிலத்தில் எழுதியவர், கன்னடத்துக்கு என்ன செய்தார் என்று கன்னட எழுத்தாளர்கள் சிலர் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். வீடு ஒருவழியாக 2016-ல் திறந்தது. மைசூர் ரயிலுக்கு, அவர் கற்பனையில் கட்டிய ஊரை வைத்து, மால்குடி எக்ஸ்பிரஸ் என்று பெயர் வைக்க மட்டும் ஆட்சேபணை இல்லை. இல்லாத ஊருக்கு ரயில் உண்டு, இருந்த மனிதனுக்கு வீடு இல்லை என்றார்கள்.

1991 டிசம்பரை விட்டுவிட்டு மைசூரைப் பற்றித் தமிழில் எழுத முடியாது. காவிரி இடைக்காலத் தீர்ப்பு அரசிதழில் வெளியான மறுநாளே பெங்களூரிலும் மைசூர் மாவட்டத்திலும் தமிழர் வீடுகள் எரிந்தன. தலைமுறை தலைமுறையாக அங்கே உழுது வாழ்ந்தவர்கள், கன்னடம் பேசும் பிள்ளைகளைத் தோளில் தூக்கிக்கொண்டு எல்லை தாண்டி ஓடினார்கள். தண்ணீர் பங்கிடத் தெரியாத அரசுகள் ரத்தத்தைப் பங்கிட்டுக் கொடுத்தன.

அந்த ஆற்றின் பெயர் 2023-ல் வேறொரு வேலைக்குப் பயன்பட்டது. மைசூர் மாவட்டம் ஹுணசூருக்குப் பக்கத்தில் பக்ஷிராஜபுரம் என்ற ஊர். ஹக்கிபிக்கி மக்கள் வாழ்கிறார்கள். நம் ஊர் நரிக்குறவர்களின் மொழிச் சொந்தம். பேச்சில் குஜராத்தி வாடை. ஆக உடையார் எங்கிருந்து வந்தாரோ ஏறக்குறைய அந்தத் திசைதான். ஆனால் இவர்களுக்கு அரண்மனை அமையவில்லை. பறவை பிடித்துப் பிழைத்தார்கள். வனச்சட்டம் அதை மூடியதும் மூலிகையும் தலைமுடித் தைலமும் காய்ச்சி, விமானமேறி ஆப்பிரிக்காவுக்குப் போய் விற்கத் தொடங்கினார்கள். ஐ.டி. நிறுவனம் செய்தால் உலகமயமாக்கல் என்பார்களே, அதைத்தான் டப்பாவில் அடைத்து முதுகில் சுமந்து செய்தார்கள்.

2023 ஏப்ரலில் சூடானில் சண்டை மூண்டபோது கர்நாடகத்து ஹக்கிபிக்கியர் 31 பேர் அங்கே சிக்கியிருப்பதாக சித்தராமையா ட்விட்டரில் எழுதினார். வெளியுறவு அமைச்சர் ஜெய்சங்கர் ‘இதில் அரசியல் செய்யாதீர்கள்’ என்று சீறினார். மே 10-ல் கர்நாடகத் தேர்தல். சீற்றத்தின் வெப்பநிலைக்குக் காரணம் புரிந்திருக்கும். எப்படியோ மீட்பு நடந்தது. அதற்கு வைத்த பெயர் ‘ஆபரேஷன் காவேரி’. மைசூர் மக்கள் வெளிநாட்டில் வியாபாரம் செய்து மாட்டிக்கொண்டால் கப்பல் அனுப்புகிறோம். அனுப்பத்தான் வேண்டும். சூடானியர் பிழைப்பில் இவர்கள் மண் அள்ளிப் போட்டார்களா, விசா எந்த வகை, எத்தனை வருடம் தங்கினார்கள் என்று ஒரு டிவியும் கேட்கவில்லை. அது சரியான பண்பு. எல்லைக்கு இந்தப் பக்கம் மட்டும் அந்தப் பண்பு ஏன் செத்துப்போகிறது?

பண்பு இருந்ததற்குச் சாட்சி எண்பது கிலோமீட்டரில் இருக்கிறது. பைலகுப்பே. சீனாவுக்குப் பயந்து ஓடிவந்த திபெத்தியர்களுக்கு 1960-ஐ ஒட்டி மைசூர் மாநிலம் ஏறக்குறைய மூவாயிரம் ஏக்கர் கொடுத்தது. யானைக் காட்டைத் திருத்திச் சோளம் விதைத்தார்கள், மடாலயம் கட்டினார்கள். இன்று நம் மக்கள் ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு போய் மோமோ தின்று செல்ஃபி எடுத்துத் திரும்புகிறார்கள். அப்போது நம் நாடு இப்போதைவிடப் பரம ஏழை. ஆனாலும் ‘இது என்ன சத்திரமா’ என்று யாரும் கேட்கவில்லை.

2025 மே மாதம் உச்சநீதிமன்றம் கேட்டது. தண்டனை முடிந்தபின் தன்னை இலங்கைக்கு அனுப்ப வேண்டாம், உயிருக்கு ஆபத்து என்று முறையிட்ட ஒரு தமிழரிடம், உலகத்து அகதிகளை எல்லாம் ஏற்க இந்தியா தர்ம சத்திரம் அல்ல என்றது அமர்வு. மைசூர் ரயிலடியில் இறங்கினால் நஞ்சராஜ பகதூர் சத்திரத்தைக் கேட்டுப் பாருங்கள், யாரும் வழி காட்டுவார்கள். வழிப்போக்கனுக்குத் திண்ணையும் சோறும் கொடுப்பதைப் புண்ணியம் என்று கல்லில் வெட்டிவைத்த நாடு, அதையே வசவாக உபயோகிக்கிற இடத்துக்கு வந்து நிற்கிறது.

நீதிபதிகளைச் சொல்லிவிட்டு நாம் தப்பிக்கக் கூடாது. 1948-ல் இலங்கை அரசு மலையகத் தமிழரை நாடற்றவராக்கியது. 1964 ஒப்பந்தத்தில் சாஸ்திரியும் சிறிமாவோவும் தலைகளை எண்ணிப் பிரித்தார்கள்: ஐந்தேகால் லட்சம் பேர் இங்கே, மூன்று லட்சம் அங்கே. வந்தவர்களில் ஒரு பகுதியைக் கர்நாடகத்தின் சுள்ளியாவில் ரப்பர் தோட்டத்தில் பால் வடிக்க விட்டார்கள். அங்கே கள்ளத்தோணி, இங்கே சிலோன்காரன். 1983-க்குப் பின் வந்த ஈழத்தமிழர்களில் சுமார் 58 ஆயிரம் பேர் இன்னும் தமிழ்நாட்டு முகாம்களில். மேடையில் ‘தொப்புள்கொடி உறவு’. முகாமில் கியூ பிரிவுப் போலீஸின் தலையெண்ணிக்கை. கொடியை அறுத்தது யார் என்று மட்டும் கேட்கக் கூடாது. 2019 குடியுரிமைச் சட்டத் திருத்தத்தில் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் மூன்றும் உண்டு, இலங்கை இல்லை. இந்துக்களுக்காக உருகுகிறவர்களின் பட்டியலில் இந்த இந்துக்கள் இல்லை. தமிழ் பேசியது அவர்கள் குற்றம் போலும்.

நம் பங்குக்கு நாமும் சும்மா இல்லை. மைசூரில் அடிவாங்கிய கதையைச் சொல்லி அழுதுவிட்டு, சென்னையில் மெட்ரோ தூண் கட்டுகிறவனை ‘வடக்கன்’ என்கிறோம். நானூறு வருடம் முன்பு வந்த தெலுங்குக் குடும்பத்தை வந்தேறி என்று யூடியூபில் வம்சாவளி பார்க்கிறோம். 2023 மார்ச்சில் பீகாரிகளைத் தமிழ்நாட்டில் வெட்டுகிறார்கள் என்று பரவிய வீடியோக்கள் பொய்தான். ஆனால் அந்தப் பொய் பீகாரில் எடுபட்டதற்கு நம் வாய்க்கொழுப்பும் கொஞ்சம் உதவியிருக்கிறது. நான் மைசூரில் இருக்கிற தமிழன். எனக்கு இரண்டு பக்கத்துப் பாட்டும் மனப்பாடம், ராகம்கூட மாறுவதில்லை.

2025 செப்டம்பரில் புதிய குடியேற்றச் சட்டத்தின் கீழ் ஓர் உத்தரவு வந்தது. 2015 ஜனவரி 9-க்கு முன் வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்கள் மீது தண்டனை நடவடிக்கை இருக்காதாம். நாற்பது வருடம் கழித்துக் கிடைத்த பரிசு: சிறையில் போடமாட்டோம். குடியுரிமை பற்றி அதில் ஒரு சொல் இல்லை. அடுத்த முறை உங்கள் வாசலுக்கு ஓட்டுக் கேட்டு வருகிறவர் தொப்புள்கொடி என்று ஆரம்பித்தால், எந்த மசோதாவில், எந்தத் தேதிக்குள் அவர்களுக்குக் குடியுரிமை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரச் சொல்லுங்கள். தயங்கினால் அப்படியே படியிறக்கி அனுப்பிவிடுங்கள்.